உருதுக் கதை மரபில் உறவின் இலக்கணம்

கதைவழி அறம் உணர்த்தல் எல்லா மொழியினர்க்கும் பொதுவான மரபாகும். 'கிஸ்ஸா' என்னும் அரபுச் சொல் 'சைத்தூன் கிஸ்ஸா' முதலிய நூல்களால் தமிழர்க்கும் அறிமுகமானதே. அதே பெயரால் வழங்கும் உருதுக் கதை மரபு குடும்ப உறவை எங்ஙனம் காண்கிறது என்பதை, 'பாக்-ஓ-பஹார்' என்னும் நூலின் ஒரு பகுதியைக் கொண்டு ஈண்டுக் காண்போம்.

நூல்

கல்கத்தாவில் 1800-இல் நிறுவப்பெற்ற வில்லியம் கோட்டைக் கல்லூரியில், ஜான் கில்கிறிஸ்டின் வேண்டுகோளுக்கிணங்க, தில்லியைச் சேர்ந்த மீர் அம்மன் இதனை இயற்றினார். நான்கு தர்வேஷ்களைப் பற்றிய பாரசீகக் கதையே இதன் மூலம். தில்லி மக்களின் பேச்சு வழக்கைத் தழுவிய இதன் நடை, உருது உரைநடையின் முன்மாதிரிகளுள் ஒன்றாகப் போற்றப்படுகிறது.

தந்தையும் மகளும்

ரூம் நாட்டு மன்னன் ஆசாத் பக்த் தன்னிடமுள்ள மாணிக்கத்தைப் பெருமையாகக் காட்டுகிறான். நிஷாப்பூர் வணிகன் ஒருவன் அதனினும் சிறந்த பன்னிரு மாணிக்கங்களைத் தன் நாயின் கழுத்துப் பட்டையில் பதித்திருப்பதாக அமைச்சர் கூறுகிறார். அதனைப் பொய்யெனக் கருதிய மன்னன் அவரைச் சிறையிலிடுகிறான். மகன் ஒருவன் இருந்திருந்தால் தந்தையை மீட்டிருப்பானே எனத் தாய் புலம்புகிறாள். மகளோ ஆணுடை பூண்டு நிஷாப்பூர் சென்று, அவ்வணிகனையே அழைத்து வருகிறாள். பிள்ளைக் கடமைக்கு ஆண், பெண் என்னும் வேறுபாடு இல்லை என்பதை நூல் உபதேசமாகக் கூறவில்லை. அவள் செயலால் காட்டுகிறது.

உடன்பிறந்தோர்

அவ்வணிகன் வீட்டில் நாய் சீரும் சிறப்புமாக வீற்றிருக்கிறது. கூண்டில் அடைபட்ட இருவர் அது உண்ட மிச்சத்தை உண்கின்றனர். அவ்விருவரும் அவனுடைய தமையன்மார்! தந்தை இறந்ததும் தம்பியின் பங்கைப் பறித்து அவனை வெளியேற்றியவர்கள் அவர்கள். பின்னர் அவர்கள் வறுமையுற்றபோது தம்பியே கடனடைத்து ஆதரித்தான். கைம்மாறாக அவர்கள் அவனைக் கடலில் தள்ளினர். உடன் குதித்துக் காத்தது அந்த நாய். அவன் கிணற்றுச் சிறையில் கிடந்தபோது உணவு கொணர்ந்ததும் அதுவே.

கதை உணர்த்துவது

பிறப்பு உறவைத் தருகிறது. நடத்தையே அதனைக் காக்கிறது. நன்றி மறந்த தமையன்மார் விலங்கினும் கீழாயினர் என்பது வெளிப்படையான பொருள். அதனோடு நாம் நின்றுவிடலாகாது. பலமுறை மன்னித்த அத்தம்பி, இறுதியில் அவர்களைக் கொல்லவும் மனமின்றி, விடுவிக்கவும் துணிவின்றிக் கூண்டிலடைத்துத் தினமும் பார்த்திருக்கிறான். ஊராரோ அவனை 'நாயை வணங்குபவன்' எனத் தூற்றுகின்றனர். உறவு முறிந்த வீட்டில் கூண்டில் இருப்பவரேயன்றிக் கூண்டைக் காப்பவரும் அமைதி இழக்கிறார்.

இத்துணைத் துன்பமும் தொடங்கிய இடம் தந்தையின் சொத்துப் பங்கீடே என்பது கருதத்தக்கது. இன்றும் பாகப்பிரிவினையால் பேச்சற்றுப் போன உடன்பிறந்தோர் எத்தனையோ பேர்! அநீதி இழைப்போர்க்கு எச்சரிக்கையாகவும், இழைக்கப்பட்டோர்க்குச் சிந்தனையாகவும் இக்கதை விளங்குகிறது. மாணவர்கள் இதனை வியப்புக் கதையாக மட்டும் படியாது, தம் இல்லத்தையும் எண்ணிப் படிப்பார்களாக.