முதலில் பொய்ப்பெயர், பிறகுதான் கொலையாளி

கே: அரசியல் கொலையையும் கொலையாளியைத் தேடிப் பிடித்ததையும் சொல்லும் நல்ல நூல் ஒன்று? கற்பனை வேண்டாம்.
– வாசகர், திண்டுக்கல்

ப: ஹாம்ப்டன் சைட்ஸ் 2010-இல் எழுதிய 'ஹெல்ஹவுண்ட் ஆன் ஹிஸ் ட்ரெய்ல்'. மார்ட்டின் லூதர் கிங் 1968 ஏப்ரல் 4 அன்று மெம்ஃபிஸ் நகரின் லொரைன் மோட்டல் பால்கனியில் சுடப்பட்டதைப் பற்றியது. மெம்ஃபிஸ் சைட்ஸின் சொந்த ஊர்.

கொலையாளி ஜேம்ஸ் ஏர்ல் ரே, 1967-இல் மிசௌரி சிறையிலிருந்து ரொட்டிப் பெட்டிக்குள் ஒளிந்து தப்பியவன். நூலில் வெகுதூரம் வரை அவனுடைய உண்மைப் பெயரே வராது. 'எரிக் கால்ட்' என்ற பொய்ப்பெயரில்தான் உலவுகிறான். அவன் யார் என்பதை எஃப்.பி.ஐ. கண்டுபிடிக்கும்போதுதான் நமக்கும் தெரிகிறது. இந்த உத்தி எனக்கு மிகவும் பிடித்தது.

அதைவிட முக்கியம், தேடல். கிங்கை ஒட்டுக்கேட்டு, அவமானப்படுத்தத் துடித்தவர் எஃப்.பி.ஐ. தலைவர் ஹூவர். அவருடைய ஆட்களே கொலையாளியைத் தேட வேண்டியதாயிற்று. தேடவும் செய்தார்கள், சலிக்காமல். துப்பாக்கியிலும் பைனாகுலரிலும் கிடைத்த கைரேகைகளைத் தப்பியோடிய கைதிகளின் அட்டைகளோடு ஒவ்வொன்றாக ஒப்பிட்டார்கள். அவன் விட்டுச்சென்ற உள்ளாடையில் இருந்த சலவைக் குறி லாஸ் ஏஞ்சலீஸுக்கு வழிகாட்டியது. கனடா போலீஸார் குவியல் குவியலான பாஸ்போர்ட் விண்ணப்பங்களில் புகைப்படம் புகைப்படமாகத் தேடி, அவனுடைய புதுப் பெயரைப் பிடித்தார்கள். ஜூன் 8, லண்டன் ஹீத்ரோ விமான நிலையத்தில் கைது.

சதி இருந்ததா என்பதில் சைட்ஸ் அதிகம் தங்கவில்லை. அதுதான் எனக்குள்ள குறை. ரே குற்றத்தை ஒப்புக்கொண்ட மூன்றே நாளில் மறுத்தான். கிங்கின் குடும்பமே பின்னாளில் அவனைக் குற்றமற்றவன் என்று நம்பியது. இதற்கு இன்னும் சில அத்தியாயங்கள் ஒதுக்கியிருக்கலாம்.