போருக்குப் பின் கடன்தீர்வு: ஜான் வேல்ஸ் குடும்பச் சொத்தும் ஆங்கிலேய வணிகர்களும் (1773–1802)

தமிழில் ‘கடன்’ என்னும் சொல் திருப்பித் தரவேண்டிய பொருளையும், செய்து முடிக்கவேண்டிய கடமையையும் ஒருங்கே குறிப்பது. இவ்விரு பொருளும் ஒரே இடத்தில் மோதிக்கொண்ட வரலாற்று நிகழ்வுகளுள் ஒன்று, அமெரிக்க விடுதலைப் போருக்குப் பின் எழுந்த வணிகக் கடன் சிக்கலாகும். பகைநாட்டு வணிகனுக்கு ஒரு குடும்பம் பட்ட கடன், அந்நாட்டுடன் போரிட்டு வென்றபின் தீர்க்கத்தக்கதா? தீர்ப்பதாயின், போர்க்கால வட்டியும் அதில் சேருமா? வெர்ஜீனியாவைச் சேர்ந்த ஜான் வேல்ஸ் என்பாரின் சொத்தும் அவர் மருமகனான தாமஸ் ஜெஃபர்சனின் கடிதங்களும் இவ்வினாக்களை ஆராய ஏற்ற சான்றுகள். இக்கடன் வரலாற்றில் அடிமைப்படுத்தப்பட்ட மக்கள் எவ்வெவ்விடங்களில் கணக்கிடப்பெற்றனர் என்பதை நோக்குவதே இக்கட்டுரையின் குறிக்கோள். கடனாளியின் நேர்மை, கடன் கொடுத்தோரின் உரிமை என்னும் இரு தரப்பு வாதங்களில் இம்மூன்றாம் தரப்பினர் எளிதில் மறைந்துவிடுகின்றனர்.

வேல்ஸ் 1773 மே மாதத்தில் இறந்தார். அவர் வழக்கறிஞர், நில உடைமையாளர், பிரிஸ்டல் நகரத்து ‘ஃபாரல் அன்டு ஜோன்ஸ்’ வணிக நிறுவனத்தின் வெர்ஜீனிய முகவராகவும் இருந்தவர். வெர்ஜீனிய நிலக்கிழார்கள் தம் புகையிலையை இங்கிலாந்து வணிகரிடம் விற்பனைக்கு ஒப்படைப்பர். வணிகர் அதனை விற்றுத் தரகும் சுங்கமும் கப்பற்கூலியும் கழித்துக்கொண்டு, நிலக்கிழார் கேட்ட துணிமணி, தட்டுமுட்டுப் பொருள் முதலியவற்றை அனுப்புவர். வரவைவிடப் பற்று மிகும்போது எஞ்சுவது கடனாகும். அது அடுத்த ஆண்டின் புகையிலையை எதிர்நோக்கி நிற்கும். இக்கடன்கள் தலைமுறை தலைமுறையாகத் தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்கியதால், நிலக்கிழார்களே இலண்டன் வணிக மனைகளோடு சேர்ந்த ஒருவகைச் சொத்தாகிவிட்டனர் என 1786இல் ஜெஃபர்சன் எழுதினார். மனிதரைச் சொத்தாக வைத்திருந்த ஒருவர் தம்மைச் சொத்து என உருவகித்தது நோக்கத்தக்கது.

வேல்ஸின் கடன் புகையிலையால் மட்டும் வந்ததன்று. 1772இல் ‘பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்’ என்னும் கப்பலில் ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்ட அடிமைகளை விற்றுத்தரும் பொறுப்பை அவரும் ரிச்சர்டு ராண்டால்ஃப் என்பவரும் ஏற்றிருந்தனர். அவ்விற்பனைத் தொகைக்கான பொறுப்பும் அவர் சொத்தின்மேல் விழுந்து, நெடிய வழக்காக நீண்டது. ஆக, இக்கணக்கில் அடிமை மக்களின் முதல் இடம் கடனுக்குக் காரணமான சரக்கு என்பதாகும்.

வேல்ஸின் மகள்களை மணந்த மூவரான ஜெஃபர்சன், பிரான்சிஸ் எப்ஸ், ஹென்றி ஸ்கிப்வித் ஆகியோர் 1774 சனவரியில் பாகப்பிரிவினை செய்துகொண்டனர். ஜெஃபர்சன் பங்குக்கு ஏறத்தாழ 11,000 ஏக்கர் நிலமும் 135 அடிமைகளும் வந்தனர்; சாலி ஹெமிங்ஸும் அவர் தாய் எலிசபெத் ஹெமிங்ஸும் இவ்வழி வந்தவர்களே. சொத்தைப் பிரிக்காமல் வைத்து, அதன் வருவாயிலிருந்து கடனை அடைத்தபின் பங்கிட்டிருக்கலாம். அவ்வாறின்றி முன்னரே பிரித்துக்கொண்டமையால், இறந்தவரின் சொத்தைச் சார்ந்திருந்த கடன், உயிரோடிருந்தவர்களின் தனிக்கடனாயிற்று. பின்னாளைய துன்பங்கள் அனைத்துக்கும் போரே காரணம் என்பது கடனாளிகளின் கூற்று. அதனை முழுமையாக ஏற்பதற்கில்லை. போருக்கு ஓராண்டுக்கு முன்னரே எடுத்த இம்முடிவும் காரணமே.

கடனை அடைக்கும் எண்ணம் ஜெஃபர்சனிடம் தொடக்கத்திலேயே இருந்தது. மரபுரிமையாக வந்த நிலத்தில் 4,200 பவுன் மதிப்புள்ள பகுதியை விற்று, வாங்கியோரிடம் கடன்முறிகள் பெற்றார். அம்முறிகளை ஃபாரல் அன்டு ஜோன்ஸின் முகவரிடம் தர முன்வந்ததாகவும் அவர் ஏற்க மறுத்ததாகவும் பின்னர் எழுதுகிறார். போர் மூண்டது; வெர்ஜீனியா காகிதப் பணத்தை அச்சிட்டது; நிலத்தை வாங்கியவர்கள் அப்பணத்திலேயே முறிகளைத் தீர்த்தனர். கைக்கு வந்தபோது அதற்கு உதிர்ந்த இலையின் மதிப்புக்கூட இல்லை என்னும் கருத்துப்பட 1786இல் கிளாஸ்கோ வணிகர் அலெக்சாண்டர் மக்காலுக்கு எழுதிய கடிதத்தில் குறிப்பிடுகிறார். 1777இல் வெர்ஜீனியா இயற்றிய சட்டமொன்று, ஆங்கிலேயருக்குரிய கடனைக் காகிதப் பணமாக அரசின் கடன் அலுவலகத்தில் செலுத்தி விடுதலை பெறலாம் என்றது. ஜெஃபர்சனும் அவ்வாறு ஒரு தொகையைச் செலுத்தினார். எனினும், அதனைக் காட்டித் தம் கடன் தீர்ந்தது என்று பிற்காலத்தில் வணிகர்களிடம் வாதிடவில்லை. ஒரே கடனுக்கு ஒருமுறை நிலத்தை இழந்தவர், மறுமுறையும் இழக்க இசைந்தார் என்பது அவர் நிலைப்பாடு.

1783ஆம் ஆண்டுப் பாரிசு உடன்படிக்கையின் நான்காம் பிரிவு, இரு தரப்புக் கடன் கொடுத்தோரும் தம் உண்மையான கடன்களை ஸ்டெர்லிங் நாணயத்தின் முழு மதிப்பில் பெறுவதற்குச் சட்டத்தடை கூடாது என்றது. அப்பிரிவில் வட்டி என்னும் சொல் இல்லை. அச்சொல் இன்மையே அடுத்த இருபதாண்டு வழக்காடலுக்கு இடமாயிற்று. போர் தொடங்கிய 1775 ஏப்ரல் 19 முதல் எட்டாண்டுக்கு வட்டி தர இயலாது என்பது ஜெஃபர்சனின் உறுதியான நிலை. வெர்ஜீனியாவின் 5 விழுக்காட்டுத் தனிவட்டியில் கணக்கிடின், எட்டாண்டு வட்டி அசலில் நூற்றுக்கு நாற்பது ஆகும்; ஆகவே இது வெறும் கொள்கைப் பிணக்கன்று. குடும்பக் கடனுக்காக அவர் வகுத்த இவ்வாதம், 1792 மே 29இல் வெளியுறவுச் செயலராக ஆங்கிலத் தூதர் ஜார்ஜ் ஹேமண்டுக்கு எழுதிய நெடுங்கடிதத்தில் நாட்டின் வாதமாக உருப்பெற்றது. தம் வழக்கையே நாட்டின் வழக்காக எழுதினார் எனக் குறை கூறலாம். ஆனால் அவ்வழக்கு வெர்ஜீனியர் பலருக்கும் பொதுவானது. 1791இல் ஆங்கிலேய வணிகர் வட்டியோடு கோரிய ஏறத்தாழ 49 இலட்சம் பவுனில் 23 இலட்சம் வெர்ஜீனியா ஒன்றின்மீதே கோரப்பட்டதாகும்.

வட்டி மறுப்புக்கு அவர் காட்டிய காரணங்களுள் உணர்ச்சி மிக்கது எல்க் ஹில் நிகழ்ச்சி. வேல்ஸ் சொத்துவழி வந்த இப்பண்ணையில் 1781 சூனில் கார்ன்வாலிஸ் பத்து நாள் தங்கினார். (பின்னர் இந்தியத் தலைமை ஆளுநராகி, 1792இல் திப்பு சுல்தானிடமிருந்து பாராமகாலையும் திண்டுக்கல்லையும் பெற்ற கார்ன்வாலிஸ் இவரே.) களஞ்சியங்கள் எரிந்தன, பயிர் அழிந்தது, கால்நடைகள் பறிபோயின. அங்குத் தமக்கு இழைக்கப்பட்ட வீண் அழிவே வட்டியும் அசலுமாகிய கடன் முழுவதையும் தீர்த்திருக்கும் என 1787 சனவரியில் வில்லியம் ஜோன்ஸுக்கு எழுதுகிறார். அக்கடிதத்தில் அடிமைகள் முப்பதின்மரைக் கார்ன்வாலிஸ் ‘கொண்டு சென்றார்’ என்று உள்ளது. ஜெஃபர்சனே எழுதிவந்த பண்ணைக் குறிப்பேட்டில் இதே ஆண்டுக்குரிய பட்டியலை நோக்கினால் வேறு வினைச்சொற்களைக் காண்கிறோம்: சிலர் பகைவரிடம் ‘ஓடிப்போயினர்’, சிலர் பகைவரோடு ‘சேர்ந்தனர்’, அவ்வாறு சென்றோர் பலர் நோயுற்று இறந்தனர். கொண்டு செல்லப்படுதல் பொருளின் தன்மை. ஓடுதலும் சேர்தலும் மனிதரின் செயல். விடுதலை வேண்டிச் சென்றோர் கடிதத்தில் இழப்புக் கணக்காக மாறினர். சொற்பாடம் ஒப்புநோக்கிப் பழகிய தமிழாய்வாளர்க்கு, ஒருவரே எழுதிய இரு பாடங்களின் இவ்வேறுபாட்டை விரித்துரைக்க வேண்டுவதில்லை. இது கணக்கில் அம்மக்களின் இரண்டாம் இடம்: கடனுக்கு எதிராக வைக்கப்படும் இழப்பு.

அரசியலிலும் இவ்வெதிர்க்கணக்கு இயங்கிற்று. உடன்படிக்கையின் ஏழாம் பிரிவு, ஆங்கிலப் படை நீக்ரோக்களையோ பிற உடைமைகளையோ கொண்டு செல்லலாகாது என்றது. அப்படை விடுதலை உறுதியளித்தவர்களை நியூயார்க்கிலிருந்து கப்பலேற்றிச் சென்றது. இதற்கு ஈடு கிடைக்கும்வரை கடன் வசூல் சட்டம் நடைமுறைக்கு வாராது என 1787இல் வெர்ஜீனியச் சட்டமன்றம் நிறுத்திவைத்தது.

மூன்றாம் இடமே கொடிது. 1787 சூலையில் பாரிசிலிருந்து தம் பண்ணைப் பொறுப்பாளர் நிக்கலஸ் லூயிஸுக்கு எழுதுகையில், நிலத்தை மேலும் விற்க விருப்பமில்லை என்றும், அடிமைகளின் உழைப்பால் கடனைத் தீர்க்கும் வாய்ப்பு உள்ளவரை அவர்களையும் விற்க மனமில்லை என்றும் ஜெஃபர்சன் கூறுகிறார். அவ்வாய்ப்பு குறைந்தது. 1790 பிப்ரவரியில் ஜோன்ஸின் முகவர் ரிச்சர்டு ஹான்சனோடு ஏழு ஆண்டுத் தவணைக்கு முறிகள் எழுதப்பட்டன. அத்தவணைகளுக்காக எல்க் ஹில்லிலும் பெட்ஃபோர்டிலும் மக்கள் விற்கப்பட்டனர். 1784க்கும் 1794க்கும் இடையே விற்பனையாலும் கொடையாலும் அவர் கைவிட்டுப் போனோர் 161 பேர். தமக்குரிய கடமையை அவர் நிறைவேற்றினார் என்று வாழ்க்கை வரலாற்றாசிரியர் எழுதும் இடத்தில், அக்கடமையின் விலையைக் கொடுத்தோர் யார் என்றும் சேர்த்து எழுதவேண்டும்.

1789 செப்டம்பர் 6இல் மேடிசனுக்கு எழுதிய புகழ்பெற்ற கடிதத்தில், ஒரு தலைமுறையின் கடன் அடுத்த தலைமுறையைக் கட்டுப்படுத்தாது என்றும் அதன் எல்லை 19 ஆண்டு என்றும் ஜெஃபர்சன் வாதிடுகிறார். மாமனார் கடன் பதினாறாம் ஆண்டாகத் தொடர்ந்த வேளை அது. அவ்வரசியல் கோட்பாட்டை இக்கடனோடு இணைத்து நோக்கிய ஹெர்பர்ட் ஸ்லோனின் ஆய்வு (1995) இத்துறையில் அடிப்படையானது.

எப்ஸ் வேறு வழியில் நடந்தார். ஹில்டனோடு சேர்ந்து அவர் எழுதித்தந்த 1774ஆம் ஆண்டு முறியில் ஒரு பகுதி கடன் அலுவலகத்தில் செலுத்தப்பட்டிருந்தது. அத்தொகை கழியும் என்று வாதிட்டவர் ஜான் மார்ஷல். பின்னாளில் தலைமை நீதிபதியான அவர் உச்சநீதிமன்றத்தில் வழக்கறிஞராக நின்று வாதிட்டது இவ்வழக்கு ஒன்றே. ஜோன்ஸின் சொத்துப் பொறுப்பாளர் வேர் தொடுத்த ‘வேர் – ஹில்டன்’ வழக்கில், உடன்படிக்கை மாநிலச் சட்டத்தை மீறி நிற்கும் என 1796இல் தீர்ப்பாயிற்று. உள்நாட்டு நீதிமன்றங்களில் கிடைக்காத கடனுக்கு அமெரிக்க அரசே பொறுப்பு என 1794ஆம் ஆண்டு ஜே உடன்படிக்கை முன்னரே கூறியிருந்தது. அதற்கென அமைந்த கூட்டு ஆணையம் 1799இல் கலைந்தது. 1802 சனவரி 8இல் 6,00,000 பவுனை மூன்று ஆண்டுத் தவணையில் தர அமெரிக்கா இசைந்தது. அவ்வொப்பந்தம் கையெழுத்தானபோது குடியரசுத் தலைவர் ஜெஃபர்சன்.