பொது நூலகக் கோப்புகளும் தமிழ் எழுத்தும்

முன்னுரை

1895-ஆம் ஆண்டில் திறக்கப்பெற்ற முல்லைப் பெரியாறு அணையின் நீர், மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே இறங்கிக் கம்பம் பள்ளத்தாக்கின் 14,707 ஏக்கர் இருபோக வயல்களுக்குப் பாய்கின்றது. இங்கு வயலுக்கு ஓர் அணையை எவரும் கட்டுவதில்லை. மடையைத் திறந்தால் போதும். பள்ளிவாசலின் ஹவுளும் இத்தகையதே. தொழ வருவோர் ஒளுச் செய்யத் தத்தம் இல்லத்திலிருந்து நீர் சுமந்து வருவதில்லை. பொதுவில் ஒன்றை அமைத்துப் பலரும் பயன்கொள்ளும் இம்முறை கணிப்பொறியினுள்ளும் உண்டு. அதனையும், அதனால் நம் தாய்மொழி எய்திய நலத்தையும் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பொது நூலகக் கோப்பு யாது?

கணிப்பொறியின் உறுப்புகள் அனைத்தையும் ஆள்வது இயக்க முறைமை எனும் அடிப்படை மென்பொருளாகும். கடிதம் எழுதும் மென்பொருளாயினும், கணக்குப் பார்க்கும் மென்பொருளாயினும், கோப்பைத் திறத்தல், திரையில் எழுத்தை இடுதல், விசைப்பலகையின் தட்டலை அறிதல் ஆகிய பணிகள் அதற்கு இன்றியமையாதவை. இவற்றுக்கான கட்டளைகளை ஒவ்வொரு மென்பொருளும் தன்னுள்ளே சுமந்தால் வட்டும் நினைவகமும் வீணாகும். எனவே அவை தனிக் கோப்புகளாகத் தொகுக்கப்பெற்றுள்ளன. மென்பொருள் இயங்குங்கால் வேண்டியதை அழைத்துக்கொள்ளும். நினைவகத்தில் ஏறிய ஒரு படியே பல மென்பொருள்களுக்கும் உதவும்.

விண்டோசில் இவை 'டி.எல்.எல்.' கோப்புகள் எனப்படும். அவற்றுள் 'கெர்னல்32' நினைவகத்தையும் கோப்புகளையும் கவனிக்கும், 'யூசர்32' சாளரங்களையும் விசைப்பலகையையும் கவனிக்கும், 'ஜி.டி.ஐ.32' வரைதலைக் கவனிக்கும். லினக்சில் இவ்வகைக் கோப்புகளின் பெயர் 'எஸ்.ஓ.' என முடியும்.

தமிழும் அரபும்

'கொ' என்னும் எழுத்தை நோக்குவோம். யூனிகோடு முறையில் அது ககரம், ஒகரக்குறி என இரு குறியீடுகளாகச் சேமிக்கப்படுகின்றது. திரையிலோ அக்குறி இரண்டாகப் பிரிந்து ககரத்தின் இருபுறமும் நிற்றல் வேண்டும். அரபு எழுத்தோ வலமிருந்து இடமாகச் சென்று, சொல்லின் முதல், இடை, கடை என நிற்கும் இடத்திற்கேற்ப வடிவம் மாறும். இவ்வடிவமைப்பைச் செய்ய ஒரு பொதுக்கருவி தேவை.

1990-களில் தமிழ் மென்பொருள்கள் பலவும் தத்தமக்கெனக் குறியீடும் எழுத்துருவும் கொண்டிருந்தன. ஒன்றில் எழுதியது மற்றொன்றில் பொருளற்ற குறிகளாய்த் தோன்றிற்று. 1991-இல் வெளிவந்த யூனிகோடு முதற்பதிப்பே தமிழுக்கு இடமளித்திருந்தும், வடிவமைக்கும் பொதுக்கோப்பு இன்மையால் அது உடனே பயன்படவில்லை. பின்னர் விண்டோஸ் 2000, 'யூனிஸ்கிரைப்' என்னும் கோப்பின் வாயிலாகத் தமிழைத் தாங்கியது. அரபெழுத்தை இணைப்பதும் அதே கோப்பே!

இன்று ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் இப்பணியை ஆற்றுவது 'ஹார்ஃப்பஸ்' எனும் திறந்தமூல நூலகமாகும். பாரசீகத்தில் 'திறந்த எழுத்து' எனப் பொருள்படும் அப்பெயரில், மக்தபில் நம் சிறார் முதலில் கற்கும் 'ஹர்ஃப்' எனும் சொல் அமைந்திருத்தல் மகிழ்வளிக்கின்றது. எவரும் விலையின்றிப் பயன்கொள்ளுமாறு வழங்கப்பெற்ற இத்தகு உழைப்பு ஸதகத்துல் ஜாரியாவை நினைவூட்டுவதன்றோ?

பொதுவைப் பேணுதல்

தலைமடையில் ஒருவன் செய்யும் பிழை கடைமடையைக் காயவைக்கும். முற்காலத்தில் புதிதாக நிறுவிய மென்பொருள் பொதுக்கோப்பின் மீது பழைய பதிப்பை எழுதிவிட, ஏனைய மென்பொருள்கள் முடங்கின. இத்தொல்லையைத் தடுக்கக் காப்பு ஏற்பாடு விண்டோஸ் 2000-இல் இடம்பெற்றது. 'டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை' எனத் திரை அறிவித்தால், அறியாத இடத்திலிருந்து அதனைப் பெறுதல் ஆகாது. நச்சுநிரலும் உடன் புகலாம். உரிய மென்பொருளை மீண்டும் நிறுவுதலே முறையாகும்.

முடிவுரை

யூனிகோடு முறையைத் தமிழக அரசு 2010-இல் ஏற்றது. எனினும், பழைய எழுத்துருக்களில் தட்டச்சிட்ட ஆய்வேடுகளும் ஊர் வரலாறுகளும் பழைய வட்டுகளில் உறங்குகின்றன. அவ்வெழுத்துருக்களை அறிந்தோர் உள்ளபோதே அவற்றை யூனிகோடுக்கு மாற்றுதல் வேண்டும். மாணவச் செல்வங்களே! விடுமுறைக்கு ஒரு நூலை மாற்றினாலும் போதும். நம் முன்னோர் எழுதிவைத்த அமானிதம் பொதுவாய்க்காலில் கலந்து, கடைமடை வரை சென்று சேரும்.