புளூடூத் டிராக்கர் எவ்வளவு தூரம் எட்டும்?

சாவிக்கொத்திலோ பணப்பையிலோ இணைக்கப்படும் புளூடூத் டிராக்கர், செயற்கைக்கோள்களின் துணையால் இடமறியும் ஜிபிஎஸ் கருவி அன்று, 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில், மிகக் குறைந்த மின்சக்தியில், தன் அடையாளக் குறியை விட்டுவிட்டு ஒலிபரப்பும் சிறு கருவியே அது. உறையில் அச்சிடப்படும் நூறு மீட்டர் போன்ற எல்லைகள் தடையற்ற வெட்டவெளிக்கே பொருந்துவன என்பதால், கான்கிரீட் சுவர்கள் குறுக்கிடும் வீட்டுக்குள் பத்துப் பதினைந்து மீட்டர் கிட்டினாலே நன்று. இவ்வலைகளை நீர் உறிஞ்சிக்கொள்வதாலும் உலோகம் திருப்பியனுப்புவதாலும், தண்ணீர்ப் புட்டியை ஒட்டியோ இரும்பு பீரோவுக்குள்ளோ இருக்கும் டிராக்கரைவிட, பையின் வெளியறையில் இருப்பது எளிதில் அகப்படும். நீர் மிகுந்த மனித உடலும் ஒரு தடையே ஆதலின், தேடுபவர் கைப்பேசியை முன்னே ஏந்தி மெல்லத் திரும்பிப் பார்த்தல் வேண்டும்.

எல்லையைக் கடந்த பிறகு, 2021இல் வெளிவந்த ஏர்டேக் போன்ற டிராக்கர்களின் குறியை அவ்வழியே செல்லும் பிறருடைய கைப்பேசிகள் கேட்டு, தம் இருப்பிடத்தை மறையாக்கம் செய்து, அதாவது உரியவர் தவிர வேறெவரும் படிக்க இயலாதவாறு மாற்றி, அனுப்புகின்றன; ஆகவே, ஆளரவமற்ற காட்டுப்பாதையில் விழுந்ததைவிட இரயில் நிலையத்தில் தவறியதே விரைவில் வரைபடத்தில் தோன்றும். மின்கலம் மாற்றுவோர், குழந்தைகள் விழுங்காதிருக்கக் கசப்புப் பூச்சு இடப்பட்ட சிஆர்2032 வில்லைகளுள் சில, மின்தொடர்பு கிட்டாமல் ஏர்டேக்கில் இயங்குவதில்லை என்பதை அறிந்தே வாங்குதல் நலம்.