கோட்டில் நிற்காத எழுத்து: ஒன்நோட் பக்கத்தைச் சீராக அமைப்பது எப்படி?

ஒன்நோட்டில் குறிப்பு எழுதுகிறவர்கள் பக்கத்துக்குக் கோடு போட்டதும் பெரும்பாலும் ஒரே சிக்கலில்தான் மாட்டுகிறார்கள். முதல் வரி ஓரளவு பொருந்தி நிற்கும். ஐந்தாறு வரி தாண்டியதும் கோடு எழுத்தின் நடுவே வெட்டிக்கொண்டு போகும். கோப்பு கெட்டுவிட்டது என்று எண்ணிச் செயலியை நீக்கி மறுபடி நிறுவுகிறவர்களும் உண்டு. அதற்கு அவசியமே இல்லை. உங்கள் குறிப்புகளுக்கு ஒன்றும் ஆகவில்லை.

காரணம் எளிது. கோடும் நிறமும் பக்கத்தின் அடியில் கிடக்கும் வெறும் காட்சி. நீங்கள் தட்டச்சு செய்வது அதற்கு மேல் ஒரு தனிப் பெட்டியில் அமர்கிறது. அந்தப் பெட்டிக்கும் கோட்டுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. வரி எவ்வளவு உயரம் என்பதை எழுத்துருதான் (எழுத்து வடிவங்களின் தொகுப்பு) தீர்மானிக்கிறது.

தமிழில் எழுதுகிறவர்களுக்கு இன்னொரு சங்கடமும் சேர்கிறது. ஒன்நோட்டில் நெடுங்காலமாக இயல்பாக வரும் எழுத்துரு காலிப்ரி, அளவு 11. அதில் தமிழ் எழுத்துகள் கிடையாது. நீங்கள் தமிழில் தட்டும்போது விண்டோஸ் வேறோர் எழுத்துருவை இரவல் எடுத்துக் காட்டுகிறது. பெரும்பாலும் அது நிர்மலா யூஐ. தமிழ் எழுத்துக்கு மேலே புள்ளிக்கும் விலங்குக்கும் ('கி', 'கீ' போன்றவற்றின் மேல்வளைவு) இடம் வேண்டும். 'சூ', 'ணு' போன்றவை கீழேயும் இறங்கும். ஆகவே தமிழ் வரி ஓர் உயரமாகவும், இடையில் வரும் ஆங்கில வரி வேறோர் உயரமாகவும் அமைந்துவிடும்.

சரிசெய்யும் முன் எது பிழை என்று பாருங்கள். வெற்றுப் பக்கம் ஒன்றில் கோடு போட்டு, தமிழில் பத்து வரி, ஆங்கிலத்தில் பத்து வரி தட்டுங்கள். எல்லா வரிகளும் ஒரே அளவு விலகி நின்றால் பெட்டி இருக்கும் இடம்தான் தவறு; அதன் மேல் விளிம்பைப் பிடித்து, ஆல்ட் விசையை அழுத்தியபடி நகர்த்தினால் போதும். விலகல் வரிக்கு வரி சீராகக் கூடிக்கொண்டே போனால் வரி இடைவெளி பொருந்தவில்லை. ஓரிடத்தில் நெருங்கி ஓரிடத்தில் விலகினால் எழுத்துருக்கள் கலந்திருக்கின்றன.

கலப்பை முதலில் தீர்க்க வேண்டும். 'ஃபைல்' பட்டியலில் 'ஆப்ஷன்ஸ்', அதில் 'ஜெனரல்' பகுதிக்குச் சென்று இயல்பு எழுத்துருவாக நிர்மலா யூஐ-யைத் தேர்ந்தெடுங்கள். அதில் தமிழும் ஆங்கிலமும் சேர்ந்தே உள்ளன; இரு மொழி வரிகளும் ஒரே உயரத்துக்கு வந்துவிடும். ஏற்கெனவே எழுதியவை தானாக மாறா. அவற்றைத் தேர்வுசெய்து கையால்தான் மாற்ற வேண்டும்.

அடுத்தது வரி இடைவெளி. 'ஹோம்' பட்டியில் பத்தியைச் சீரமைக்கும் பொத்தானைத் திறந்தால் அடியில் 'பாராகிராஃப் ஸ்பேசிங் ஆப்ஷன்ஸ்' இருக்கும். அங்கே 'லைன் ஸ்பேசிங் அட் லீஸ்ட்' (வரிக்குக் குறைந்தபட்ச உயரம்) என்ற கட்டத்தில் ஓர் எண்ணை இட்டு, பத்தாவது வரி கோட்டில் நிற்கிறதா என்று பாருங்கள். நிற்காவிட்டால் அரை பாயின்ட் அரை பாயின்ட்டாகக் கூட்டுங்கள். பொறுமை வேண்டிய வேலை. ஒருமுறை கிடைத்த எண்ணைக் குறித்து வைத்தால் மறுபடி தேட வேண்டாம்.

ஆனாலும் தட்டச்சுக் குறிப்புக்குக் கோடே வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. கண்ட்ரோல், ஷிஃப்ட், ஆர் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் கோடுகள் மறையும். மறுபடி அழுத்தினால் திரும்பி வரும். கோடு உண்மையில் உதவுவது பேனாவால் திரையில் எழுதுகிறவர்களுக்கு. 'வியூ' பட்டியின் 'ரூல் லைன்ஸ்' பகுதியில் நேரோ, காலேஜ், ஸ்டாண்டர்ட், வைட் என நான்கு அகலங்கள் உண்டு. தமிழ்க் கையெழுத்துக்கு 'வைட்'டில் தொடங்குங்கள். கணக்குக்கும் வரைபடத்துக்கும் கட்டம் போட்ட தாள் நல்லது.

பக்க நிறம் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. மெல்லிய நிறமாகப் பாருங்கள். பாடம்வாரியாகப் பிரித்துக் காட்டத்தான் நிறம் என்றால், ஒவ்வொரு பக்கத்துக்கும் பூசுவதை விடப் பிரிவின் தாவலுக்கு (செக்‌ஷன் டேப்) நிறம் கொடுப்பது மேல். திடீரென்று பக்கங்கள் எல்லாம் கறுத்துவிட்டால் பதற வேண்டாம். இருள் தோற்றம் (டார்க் மோடு) இயங்குகிறது, அவ்வளவே. 'வியூ' பட்டியில் 'ஸ்விட்ச் பேக்கிரவுண்ட்' பொத்தானை அழுத்தினால் பக்கம் வெளுத்துவிடும்.

சில குறுக்குவழிகளை மட்டும் தவிர்த்துவிடுங்கள். நோட்டுத் தாளைப் படமெடுத்துப் பின்னணியாக வைப்பது ஒன்று. ஒன்நோட் பக்கம் நீங்கள் எழுத எழுத நீளும், படம் நீளாது. பக்கத் தலைப்பை மறைப்பது இன்னொன்று. தலைப்போடு அதன் கீழுள்ள தேதியும் நேரமும் சேர்ந்தே போய்விடும். மிக மோசமானது, அழகுக்காகப் பாமினி போன்ற பழைய எழுத்துருவில் எழுதுவது. அவை ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களைக் காட்டுபவை. அந்த எழுத்துரு இல்லாத கைபேசியில் திறந்தால் புரியாத ஆங்கில எழுத்துகள்தான் தெரியும். தமிழில் தேடினாலும் அந்தக் குறிப்பு அகப்படாது. யூனிகோடில் மட்டும் எழுதுங்கள்.

அச்செடுக்கும் எண்ணம் இருந்தால் எழுதத் தொடங்கும் முன்பே 'பேப்பர் சைஸ்' பகுதியில் ஏ4 என்று வையுங்கள். இயல்பாக உள்ள 'ஆட்டோ' அளவில் பக்கத்துக்கு எல்லை கிடையாது. வலப்பக்கம் தள்ளி எழுதியவை அச்சில் அடுத்த தாளுக்குச் சிதறும்.

இத்தனையும் சரியாக அமைந்த வெற்றுப் பக்கம் ஒன்று கைக்கு வந்ததும் அதை மாதிரிப் பக்கமாக (டெம்ப்ளேட்) சேமித்துவிடுங்கள். 'இன்செர்ட்' பட்டியில் 'பேஜ் டெம்ப்ளேட்ஸ்' திறந்தால் வலப்பக்கம் விரியும் பலகையின் அடியில் அதற்கான இணைப்பு இருக்கும். அந்தப் பிரிவில் புதிதாக வரும் எல்லாப் பக்கங்களுக்கும் அதுவே இயல்பாக அமையவும் அங்கேயே குறியிடலாம். இங்கே சொன்ன வழிகள் விண்டோஸ் கணினிக்கான முழு ஒன்நோட்டுக்கு உரியவை. 'விண்டோஸ் 10-க்கான ஒன்நோட்' என்ற தனிச் செயலிக்கு 2025 அக்டோபர் 14-உடன் ஆதரவு முடிந்துவிட்டது. இன்னும் அதில் இருப்பவர்கள் மாறிக்கொள்வது நல்லது. மாதிரிப் பக்கம் நீங்கள் சேமித்த கணினியில்தான் இருக்கும், இணையம் வழியாக வேறு கணினிக்கு வராது. அதனால் அதன் நகல் ஒன்றைச் சாதாரணப் பக்கமாகக் குறிப்பேட்டிலும் வைத்திருங்கள். கணினி மாற்றும்போது அங்கிருந்தே மறுபடி மாதிரியாகச் சேமித்துக்கொள்ளலாம்.