கோவா மக்கள் இணைப்பை மறுத்தது ஏன்?

சிறு சங்கங்களை ஒன்றாக்கும் பேச்சு எழுந்தால் பொதுப்பேரவையில் சில அங்கத்தினர் மறுப்புரைப்பது வழக்கம். இணைப்பின் நன்மையை எடுத்துரைக்கும் கூட்டுறவு அலுவலராகிய நாம், அம்மறுப்பை அறியாமை என்று ஒதுக்கிவிடுகிறோம். அது தகுமா? கோவாவின் வரலாறு விடை கூறும்.

முத்துக்குளித்துறையினராகிய நமக்குக் கோவா புதிய ஊரன்று. 1542-இல் சவேரியார் அங்கிருந்தே இக்கரைக்கு வந்தார். 1961 டிசம்பரில் அங்குப் போர்த்துகீசியர் ஆட்சி முடிவுற்றது. பின்னர், மகாராஷ்டிரத்தோடு இணைவதா, மத்திய ஆட்சிப் பகுதியாகவே இருப்பதா என்ற வினா எழுந்தது. 1967 ஜனவரி 16-இல் மக்களிடமே வாக்குக் கேட்கப்பட்டது. இணைப்புக்கு மலர் சின்னம்; தனித்திருப்பதற்கு இரட்டை இலை.

முதலமைச்சர் பந்தோத்கரின் கட்சி இணைப்பை வேண்டியது. வாக்கெடுப்பு நடுநிலையாக நடைபெறும் பொருட்டு அவரது அமைச்சரவை முன்னரே பதவி விலகியது. இணைப்புக்கு 1,38,170 வாக்குகளும், தனித்திருப்பதற்கு 1,72,191 வாக்குகளும் கிடைத்தன. வேறுபாடு 34,021.

காரணங்கள் மூன்று.

முதலாவது, மொழி. கொங்கணி மராத்தியின் கிளையே என்றனர் இணைப்பாளர். தாய்மொழி தேய்ந்துவிடுமென மக்கள் அஞ்சினர்.

இரண்டாவது, அதிகாரம். பெரிய மாநிலத்தின் ஒரு மூலையாகிவிட்டால், வேலையும் நிதியும் தொலைவிலுள்ள பம்பாயில் தீர்மானிக்கப்படுமே என்று எண்ணினர்.

மூன்றாவது, மீளாமை. கட்சிக்கு அளித்த வாக்கை அடுத்த தேர்தலில் மாற்றலாம். இணைந்தபின் பிரிதல் அரிது. அதே ஆண்டுத் தேர்தலில் பந்தோத்கரின் கட்சியே மீண்டும் வென்றது. தலைவரை ஏற்றவர்களிலும் பலர் இணைப்பை ஏற்கவில்லை என்பது இதனால் விளங்கும்.

நார்வே மக்களும் ஐரோப்பியக் கூட்டமைப்பில் சேர 1972-லும் 1994-லும் மறுத்தனர். தம் கடலின் மீன்வளத்தைப் பிறர் ஆள்வரோ என்று மீனவரும், விளைபொருளின் விலை வீழுமோ என்று உழவரும் அஞ்சினர். இவ்வச்சம் நம் கரையினர்க்கு எளிதில் புரியும்.

மறுத்தவர்கள் அண்டையாரை வெறுத்தவர்களல்லர். தம் குரல் அடங்கிவிடலாகாதென்று கருதியவர்கள். கோவா 1987 மே 30-இல் தனி மாநிலமாயிற்று.

ஆகவே, சங்க இணைப்புக்குக் கைதூக்குமுன் அங்கத்தினர் கேட்க வேண்டியவை இவை: புதிய நிர்வாகக் குழுவில் நம் ஊர்க்கு இடம் உண்டா? பழைய கடனை யார் ஏற்பது? நூலும் உரமும் நம் ஊரிலேயே கிடைக்குமா? இவற்றிற்கு எழுத்தில் விடையளித்த பின்னரே ஒப்புதல் கேட்பது எம்போன்றோர் கடமை. விடை கிடைத்தபின் இணையும் சங்கமே நிலைக்கும்.