கடல் தேங்காய் என்னும் பனை

மாலத்தீவுக் கடற்கரைகளில் எப்போதேனும் ஒரு விந்தையான கொட்டை ஒதுங்குவதுண்டு. இரண்டு தேங்காய்களைப் பக்கவாட்டில் ஒட்டவைத்தாற்போன்ற உருவமும் கறுத்த வலிய ஓடும் கொண்டது அது. அதனை ஈன்ற மரத்தைக் கண்டவர் எவருமில்லை. ஆகவே, கடலடியில் வளரும் மரமொன்றின் கனி அது எனக் கடலோடிகள் நம்பினர். கரையொதுங்கிய கொட்டை அரசனுக்கே உரியது என்னும் வழக்கம் மாலத்தீவில் இருந்ததை, 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கப்பலுடைந்து அங்குத் தங்க நேர்ந்த பிரான்சு நாட்டவர் பிரான்சுவா பிரார் எழுதியுள்ளார். நஞ்சுமுறிக்கும் மருந்தென அது பெற்றிருந்த புகழைக் கோவாவில் வாழ்ந்த போர்த்துகீசிய மருத்துவர் கார்சியா த ஓர்த்தா 1563இல் வெளியிட்ட தம் நூலில் குறித்தார். ஐரோப்பியப் பேரரசர் இரண்டாம் ருடால்ஃபின் கருவூலத்தில் அதன் ஓடு வெள்ளிப் பூண் பூட்டப்பெற்ற குடுவையாக வைக்கப்பட்டிருந்தது. தமிழகத்து நாட்டு மருந்துக் கடைகளில் கடல் தேங்காய் என்னும் பெயரில் விற்கப்படும் பருப்பும் இதுவே.

மரம் கடலடியில் இல்லை. 1768இல் மரியோன் துஃப்ரேன் அனுப்பிய பிரெஞ்சுப் பயணக்குழுவினர், செஷல்ஸ் தீவுக்கூட்டத்தில் உள்ள பிராலின் தீவின் காடுகளில் அதனைக் கண்டனர். பிராலினும் அதன் அருகிலுள்ள கூரியூஸ் தீவும் தவிர, உலகில் வேறெங்கும் அம்மரம் இயற்கையாக வளர்வதில்லை.

அவ்வாறாயின், அதன் கொட்டை மாலத்தீவில் முளைக்காமற்போனது ஏன்? தேங்காயின் நார்மட்டை காற்றைத் தேக்கி அதனை மிதக்கச் செய்கிறது. கடல் தேங்காயோ நீரினும் கனமானது. பசுமையாக விழுந்தால் மூழ்கிவிடும். உட்பருப்பு அழுகி வெறுங்கூடான பின்னரே அது மேலெழுந்து மிதக்கும். கரைசேரும் கொட்டை உயிரற்றது. உயிருள்ள கொட்டை கடல் கடப்பதில்லை. பல நூற்றாண்டுக் குழப்பத்துக்குக் காரணம் இவ்வளவே.

பெயரும் பிழையும்

மரம் கண்டறியப்பட்டு 23 ஆண்டுகள் கழிந்த பின்னும் பிழை நீங்கவில்லை. 1791இல் ஜெர்மானிய அறிஞர் க்மெலின் இதற்குக் கோக்கோஸ் மால்டிவிகா எனப் பெயரிட்டார். கோக்கோஸ் என்பது தென்னையின் பேரினம். மால்டிவிகா என்பது மாலத்தீவுக்குரியது எனப் பொருள்படும். இரண்டு சொல்லும் தவறு. பின்னர் லொடோய்சியா என்னும் தனிப் பேரினம் அமைக்கப்பட்டு முதற்சொல் திருத்தப்பட்டது. இரண்டாம் சொல் நிலைத்துவிட்டது. செஷல்ஸுக்குரியது எனப் பொருள்தரும் பொருத்தமான பெயரை லபில்லார்தியேர் பின்னாளில் வழங்கியும் பயனில்லை. பெயர்சூட்டும் விதி பொருளைப் பாராது. முந்தியது எது என்பதையே பார்க்கும்.

ஓலை காட்டும் உறவு

பெயர் எவ்வாறாயினும் இது தென்னைக்கு நெருங்கிய உறவன்று, பனைக்கே உறவு. பனைக் குடும்பத்தில் ஏறத்தாழ 2,600 சிற்றினங்கள் உள்ளன. தென்னையின் ஓலை சிறகு போன்றது. பனையின் ஓலையும் கடல் தேங்காயின் ஓலையும் விசிறி போன்றவை; இரண்டிலும் மட்டை ஓலைக்குள்ளும் சற்று நீண்டு நடுத்தண்டாக நிற்கும். ஆயினும், ஓலையை மட்டும் கொண்டு உறவை முடிவுசெய்தல் ஆகாது. ஈச்சையின் ஓலை சிறகு வடிவினது. எனினும் அது பனை அடங்கிய துணைக்குடும்பத்தையே சேர்ந்தது. தென்னமெரிக்காவின் மவுரிசியா விசிறியோலை உடையது. அதுவோ பிரம்பு அடங்கிய துணைக்குடும்பத்தைச் சார்ந்தது.

எனவே பூவையும் காயையும் நோக்க வேண்டும். பனையில் ஆண்மரம் வேறு, பெண்மரம் வேறு. ஆண் பாளையின் தடித்த கதிர்களில் உள்ள குழிகளுக்குள் பூக்கள் புதைந்திருக்கும். கடல் தேங்காயிலும் இவ்வமைப்பே காணப்படுகிறது. மொரீசியஸ், ரீயூனியன், ரோட்ரிக்ஸ் ஆகிய தீவுகளில் தீவுக்கொரு சிற்றினமாக வளரும் லடானியா என்னும் விசிறிப்பனைகளும் இவ்வாறே. ஆதலின் இம்மூன்று பேரினங்களையும் தாவரவியலார் ஒரே கிளையில் வைத்துள்ளனர்.

புறத்தே வன்மை உடையவற்றைப் புல் என்றும், அகத்தே வன்மை உடையவற்றை மரம் என்றும் தொல்காப்பிய மரபியல் பகுக்கும். அப்பகுப்பின்படி பனையும் தென்னையும் புல்லினம். ஒருவித்திலைத் தாவரங்களாகிய பனையையும் புல்லையும் இன்றைய அறிவியலும் ஒரே பெரும்பிரிவில் வைக்கிறது.

முளைக்கும் முறை

உறவை மிகத் தெளிவாகக் காட்டுவது முளைப்பு. பனங்கொட்டையைப் புதைத்தால், கொட்டை இருந்த இடத்திலேயே கன்று எழுவதில்லை. கொட்டையிலிருந்து வித்திலைக் காம்பு குழல்போல மண்ணுக்குள் இறங்கும். அதன் நுனியிலேயே பனங்கிழங்கு உருவாகும். கொட்டைக்குள் நிரம்பும் பூரான், உள்ளிருக்கும் உணவை உறிஞ்சி அனுப்பும். கடல் தேங்காயிலும் இதுவே நிகழ்கிறது. அதன் இரு புடைப்புகளுக்கும் இடையிலிருந்து கயிறுபோன்ற காம்பு புறப்பட்டு, மண்ணுக்குள் சில மீட்டர் தொலைவு சென்று, அங்கே கன்றை எழுப்பும். 25 கிலோ வரை எடையுள்ள அக்கொட்டை தாவர உலகின் மிகப் பெரிய விதை. கன்று சில ஆண்டுகள் அதன் உணவைக் கொண்டே தாய்மரத்தின் நிழலில் வாழும்.

அத்தீவுகளின் மண் கருங்கல் சிதைந்து உருவான வளமற்ற மண். அகன்ற ஓலைகள் மழைநீரைச் சருகுடனும் மகரந்தத்துடனும் வழித்துத் தண்டின் அடியில் சேர்க்கின்றன. அந்த எரு தாய்க்கும் அருகில் முளைக்கும் கன்றுக்கும் ஒருங்கே பயன்படுகிறது. தொலைவு செல்ல இயலாத விதைக்கு அருகிலேயே வாழ்வமைத்துத் தரும் ஏற்பாடு இது.

அவ்விதையை மனிதர் எடுத்துச் சென்றால் ஏற்பாடு முழுவதும் குலைகிறது. பெண்மரம் காய்க்கத் தொடங்க 25 ஆண்டுகளுக்கு மேலாகலாம்; ஒரு காய் முற்ற 6 முதல் 7 ஆண்டுகள். பருப்புக்காகவும் காட்சிப் பொருளாகவும் கொட்டைகள் திரட்டப்பட்டதால், முதிர்ந்த மரங்கள் நின்றும் கன்றுகள் அருகின. 1978இல் செஷல்ஸ் அரசு இதற்கெனத் தனிச்சட்டம் இயற்றியது; இசைவின்றிக் கொட்டையை எடுப்பதும் விற்பதும் குற்றமாயின. பிராலினின் வல்லே டி மே பள்ளத்தாக்கு 1983இல் உலக மரபுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. விழும் கொட்டைகளுள் ஒரு பகுதி இப்போது மீண்டும் காட்டிலேயே புதைக்கப்படுகிறது. எழும் கன்று ஆணா பெண்ணா என்பதைப் பார்த்து அறிய இயலாது; பனங்கன்றைப் போலவே, முதற்பாளை வெளிப்படும்வரை அதற்கும் காத்திருக்க வேண்டும்.